ஒரே அளவுகோலைத் தேடி: இரண்டு நகராட்சி டெண்டர் வழக்குகள்

எங்கள் வீட்டில் சைட்டை அப்பா பார்ப்பார், பேப்பரை நான் பார்ப்பேன். பதினோரு வருடமாக இப்படித்தான் ஓடுகிறது. தென் மாவட்டம் ஒன்றில் சிறிய அளவில் நகராட்சி வேலைகளை எடுத்துச் செய்கிறோம். மழைநீர் வடிகால், பேவர் பிளாக், சிமென்ட் சாலை, எப்போதாவது ஒரு சமுதாயக் கூடம். டெண்டர் நோட்டீஸைத் தேடிப் பிடிப்பது, இஎம்டி என்கிற முன்வைப்புத் தொகையைக் கட்டுவது, சான்றிதழ்களை ஸ்கேன் செய்வது, டிஜிட்டல் கையெழுத்துக்கான டிஎஸ்சி டோக்கனைச் செருகிப் போர்ட்டலில் ஏற்றுவது எல்லாம் என் பொறுப்பு. இத்தனை வருடத்தில் டெண்டர் கிடைக்காமல் போனது எத்தனையோ தடவை. அதற்காகக் கோர்ட் படி ஏறியது இரண்டே தடவை. முதல் தடவை தோற்றோம், அந்தத் தோல்வியில் பாதிக்குமேல் என் தவறு. எங்களைப் போன்ற சின்ன ஒப்பந்ததாரர்கள் அதே தவறைச் செய்வதை இன்றைக்கும் பார்க்கிறேன். அதனால்தான் எழுத உட்கார்ந்தேன்.

முதல் வழக்கு ஒரு வடிகால் வேலை பற்றியது. மதிப்பு ஒன்றரைக் கோடிக்குச் சற்றுக் குறைவு. இரண்டு கவர் முறை. முதலில் டெக்னிக்கல் கவரைத் திறப்பார்கள், அதில் தேறியவர்களுடைய விலைக் கவரை மட்டும் பிறகு திறப்பார்கள். எங்களை டெக்னிக்கலிலேயே தள்ளிவிட்டார்கள். சால்வன்சி சான்று, அதாவது நம் சொத்து வசதியைக் காட்டும் சான்று, தாசில்தாரிடம் வாங்கியதாக இருக்க வேண்டும் என்று டெண்டர் ஆவணத்தில் இருந்தது. நான் வைத்தது வங்கி கொடுத்த சான்று. அதற்கு முந்தைய டெண்டர்களில் அதே அலுவலகம் வங்கிச் சான்றை ஏற்றுக்கொண்டிருந்தது. அந்தப் பழக்கத்தை நம்பி வைத்துவிட்டேன்.

எங்களுக்குக் கோபம். கோபத்தில் என்ன செய்வோமோ அதைத்தான் செய்தோம். கமிஷனரைப் போய்ப் பார்த்தோம். "பாக்கலாம்மா, ஃபைல் மேல போயிருக்கு" என்றார். திங்கட்கிழமை குறைதீர் நாளில் கலெக்டர் ஆபீஸில் வரிசையில் நின்று மனு கொடுத்தோம். மண்டலப் பொறியாளருக்கு ஒரு மனு, சென்னைக்கு ஒரு மனு. ஒவ்வொரு மனுவுக்கும் ஒரு ரசீது வாங்கிப் பத்திரமாக ஃபைலில் போட்டேன். இப்படியே மூன்று வாரம் ஓடியது. வேலை ஏதோ நடந்துகொண்டிருக்கிறது என்ற நிம்மதிதான் எனக்கு இருந்தது.

மதுரையில் வக்கீலைப் பார்க்கப் போனபோது அவர் எங்கள் ஃபைலைத் திறக்கவே இல்லை. முதல் கேள்வியே, "நிராகரிச்ச தகவல் எந்தத் தேதியில கைக்கு வந்துச்சும்மா?" என்பதுதான். சொன்னேன். விரல் விட்டு எண்ணிப் பார்த்துவிட்டு, "அப்ப அப்பீல் டயம் போயிருச்சே" என்றார்.

அன்றைக்குத்தான் அந்தச் சட்டத்தை முதன்முதலாக முழுசாகப் படித்தேன். தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளிகளில் ஒளிவுமறைவின்மைச் சட்டம், 1998. அதற்கான விதிகள் 2000-இல் வந்தவை. அரசுத் துறைகளுக்கு மட்டும் உரியது என்று நினைத்திருந்தேன். உள்ளாட்சி அமைப்புகளையும் அது கட்டுப்படுத்தும். அதன் 11-ஆவது பிரிவு, டெண்டரை ஏற்கும் அதிகாரி போட்ட உத்தரவால் பாதிக்கப்பட்ட ஒப்பந்ததாரர், உத்தரவு கைக்கு வந்த பத்து நாளுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்யலாம் என்கிறது. நகராட்சி விஷயமென்றால் நகராட்சி நிர்வாகம் மற்றும் குடிநீர் வழங்கல் துறைக்குப் போக வேண்டும். பத்தே நாள்தான். கலெக்டர் ஆபீஸ் வரிசையில் நின்றபோது கரைந்தது அந்தப் பத்து நாள்தான் என்பது அப்போது தெரியாது. நாம் கொடுக்கும் நூறு மனுவும் அந்த ஒரு மேல்முறையீட்டுக்கு ஈடாகாது.

ஆனாலும் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அதிகாரியின் முடிவை எதிர்த்து நேரடியாகக் கேட்கும் மனு, போட்டோம். அது விசாரணைக்கு வருவதற்குள் ஒர்க் ஆர்டர் போய்விட்டது. அந்தத் தெரு வழியாக ஒருநாள் போனேன். ஜேசிபி இறங்கி, தெருவின் ஒரு பக்கம் முழுக்கத் தோண்டிப் போட்டிருந்தார்கள். ஒரு வீட்டு வாசலில் பள்ளத்துக்குக் குறுக்கே சென்ட்ரிங் பலகை இரண்டைப் போட்டிருந்தது. அந்த வீட்டு அப்பத்தா ஒரு கையில் தூக்குவாளி, மறு கையால் பேரனின் தோளைப் பிடித்துக்கொண்டு, பக்கவாட்டில் அடி வைத்துப் பலகை மேல் வந்தார். நின்று என்னைப் பார்த்து, "என்னைக்கு ஆத்தா மூடுவாக இத?" என்று கேட்டார். என்னை நகராட்சி ஆள் என்று நினைத்திருக்க வேண்டும். எங்கள் மனுவில் நாங்கள் கேட்டிருந்தது அந்த வேலைக்கு இடைக்காலத் தடை. கிடைத்திருந்தால் அந்தப் பள்ளம் மழைக்காலம் முழுக்க அப்படியே கிடந்திருக்கும். அந்தக் கேள்வி இன்றுவரை என்னை விடவில்லை.

நீதிமன்றத்தில் அரசு வக்கீல் காட்டிய போட்டோக்களில் அந்தப் பள்ளமும் இருந்தது. நிபந்தனை தெளிவாக இருக்கிறது, மனுதாரர் அதைப் பூர்த்தி செய்யவில்லை, வேலையும் தொடங்கிவிட்டது. சில நிமிடங்களில் தள்ளுபடி.

அதோடு விட்டிருந்தால் நான் எதையும் கற்றிருக்க மாட்டேன். ஒரு வீம்பில் தகவல் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பித்து, டெக்னிக்கல் மதிப்பீட்டு ஒப்பு அட்டவணையையும் வேலை பெற்றவரின் சான்றுகளையும் கேட்டேன். முப்பது நாள் கழித்துப் பதில் வந்தது. அனுபவச் சான்றில் செயற்பொறியாளர் அந்தஸ்துக்குக் குறையாத அதிகாரி கையெழுத்து வேண்டும் என்று டெண்டர் ஆவணம் சொல்லியிருந்தது. வேலை பெற்றவர் வைத்த சான்றில் இருந்தது உதவிப் பொறியாளர் கையெழுத்து. அட்டவணையில் அந்தக் கட்டத்தில் 'ஏற்கலாம்' என்று எழுதியிருந்தது. எங்கள் சால்வன்சிக்கு நேரே 'தகுதியில்லை'.

அந்த இரண்டு கட்டங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தபோதுதான் எனக்குப் பிடிபட்டது. எங்கள் வங்கிச் சான்று நல்ல சான்று என்று நாங்கள் கோர்ட்டில் வாதாடியிருந்தோம். வாதாடியிருக்க வேண்டியது வேறு. எங்களை அளந்த கோலாலேயே அவரையும் அளந்தார்களா என்பதைத்தான் கேட்டிருக்க வேண்டும்.

இது என் சொந்தக் கண்டுபிடிப்பு இல்லை. உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்வது இதைத்தான். டாடா செல்லுலார் வழக்கில், 1994-இல், முடிவு சரியா என்று நாங்கள் பார்க்க மாட்டோம், முடிவெடுத்த முறை சரியா என்றுதான் பார்ப்போம் என்றது. 2006-இல் ஜகதீஷ் மண்டல் வழக்கில் இரண்டு கேள்விகளை வைத்தது. எடுத்த முடிவு கெட்ட எண்ணத்தோடு, ஒருவருக்குச் சாதகமாக, அல்லது புத்தியுள்ள எந்த அதிகாரியும் எடுக்காத அளவுக்குத் தான்தோன்றித்தனமாக எடுக்கப்பட்டதா? அதனால் பொதுநலன் பாதிக்கப்படுகிறதா? இரண்டுக்கும் பதில் 'இல்லை' என்றால் கோர்ட் தலையிடாது. தோற்றவர்களின் அடிபட்ட ரோஷத்தையும் தொழில் போட்டியையும் வழக்காக்கி வருவதை ஊக்குவிக்கக் கூடாது என்றும் அதே தீர்ப்பில் இருக்கிறது. அதைப் படித்தபோது எனக்குச் சுருக்கென்றது.

இன்னும் இரண்டு தீர்ப்புகளைச் சேர்த்துப் படித்தால்தான் விஷயம் முழுசாக விளங்கும். 1991-இல் போத்தார் ஸ்டீல் வழக்கு. முன்வைப்புத் தொகையைக் கேட்ட வடிவத்தில் கட்டாமல், வேறொரு வங்கி உறுதி செய்த காசோலையாகக் கொடுத்தார் ஒருவர். அதிகாரி ஏற்றுக்கொண்டார். அது துணை நிபந்தனைதான், அடிப்படை நிபந்தனை இல்லை, தளர்த்த அதிகாரிக்கு உரிமை உண்டு என்றது நீதிமன்றம். 2022-இல் என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கு, ஜார்க்கண்டில் ஒரு சாலைப் பணி. வங்கி உத்தரவாதம் கேட்ட படிவத்தில் இல்லை என்று ஒருவரைத் தள்ளினார்கள். அதிகாரி கண்டிப்பாக இருந்தது தவறில்லை என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. கூடவே, இப்படிப்பட்ட பொதுப்பணிகளை எளிதில் தடை செய்து நிறுத்தாதீர்கள், தவறு நடந்திருந்தால் நஷ்டஈடு கேட்கட்டும் என்றும் சொன்னது. அதிகாரி தளர்த்தினாலும் கோர்ட் பெரும்பாலும் தலையிடாது, இறுக்கினாலும் தலையிடாது. ஒருவருக்குத் தளர்த்தி இன்னொருவருக்கு இறுக்கினால்தான் கதவு திறக்கும். 2024-இல் பன்ஷிதர் கன்ஸ்ட்ரக்‌ஷன் வழக்கில், ஒரு பொதுத்துறை நிலக்கரி நிறுவனம் கொடுத்த ஒப்பந்தத்தை இந்த ஒரே காரணத்துக்காக ரத்து செய்தார்கள். ஒருவரைச் சின்னக் குறைக்காக வெளியே தள்ளிவிட்டு, மற்றவரின் குறையைக் கண்டுகொள்ளாமல் விட்டிருந்தார்கள்.

ஆக, நம் கையில் இருக்க வேண்டியது மற்றவருடைய காகிதத்தில் உள்ள குறைக்கான ஆதாரம். அதுவும் பத்து நாளுக்குள். தகவல் உரிமைச் சட்டம் முப்பது நாள் எடுக்கும், அதை நம்பி உட்கார முடியாது. ஆதாரத்தை டெண்டர் திறக்கிற அன்றைக்கே எடுத்தாக வேண்டும்.

இரண்டாவது வழக்கு வேறொரு நகராட்சியில். சிமென்ட் சாலைகள் சேர்ந்த ஒரு பேக்கேஜ், இரண்டு கோடிக்கு மேல். இந்தத் தடவை டெக்னிக்கல் கவர் திறக்கிற அன்று நானே நேரில் போய் உட்கார்ந்தேன். ஆன்லைன் டெண்டர்தானே, வீட்டிலிருந்தே லாகின் செய்து பார்த்துக்கொள்ளலாம் என்று பலரும் போவதில்லை. போங்கள் என்றுதான் சொல்வேன். யார் யார் போட்டிருக்கிறார்கள், இஎம்டி கட்டியிருக்கிறார்களா, எந்த ஆவணம் இருக்கிறது, எது இல்லை என்பதைத் திறக்கும்போதே வாய்விட்டுச் சொல்வார்கள். நடவடிக்கைக் குறிப்பு எழுதி, வந்திருப்பவர்களிடம் கையெழுத்து வாங்க வேண்டும் என்பது விதி. வந்தவர்கள் மூன்று பேர். கணினியில் ஒவ்வொரு ஃபைலாகத் திறந்தபோது ஒருவருடைய கவரில் இயந்திரங்களுக்கான உறுதிமொழிப் பத்திரம் இல்லை. திறந்த உதவிப் பொறியாளர், "அஃபிடவிட் காணோமே" என்று சத்தமாகவே சொன்னார். குறிப்பில் அதை எழுதச் சொன்னேன். கொஞ்சம் தயங்கினார், "இதெல்லாம் எதுக்கு மேடம்" என்றார். "சார், நீங்க சொன்னதைத்தான் எழுதச் சொல்றேன்" என்றேன். எழுதினார். கையெழுத்துப் போட்டுவிட்டு வெளியே வந்ததும், அதே விவரத்தை ஒரு பக்கக் கடிதமாக எழுதி, தபால் பிரிவில் கொடுத்து, என் நகலில் முத்திரையும் தேதியும் வாங்கினேன். அந்த நீல முத்திரைதான் பிறகு எங்கள் வழக்கின் முதுகெலும்பாக நின்றது.

ஒன்பது நாள் கழித்து ஒரு சாயங்காலம் போர்ட்டலிலிருந்து மெயில் வந்தது. நாங்கள் டெக்னிக்கலில் தேறவில்லை. காரணம் எதுவும் இல்லை. அந்த அஃபிடவிட் இல்லாதவர் தேறியிருந்தார்.

இந்தத் தடவை யாரையும் போய்ப் பார்க்கவில்லை. அன்று இரவே ஸ்கிரீன்ஷாட் எடுத்தேன், தேதியும் நேரமும் தெரிகிற மாதிரி. மறுநாள் காலை, காரணத்தை எழுத்துமூலம் தரும்படி ஒரு கடிதம். மெயிலில் ஒன்று, பதிவுத் தபாலில் ஒன்று, நேரில் ஒன்று. மூன்றாம் நாள் பதில் வந்தது. எங்கள் டர்ன்ஓவர் சான்றில், அதாவது ஆண்டு வரவுசெலவு அளவைக் காட்டும் சான்றில், ஆடிட்டரின் யு.டி.ஐ.என். எண் இல்லையாம். ஆடிட்டர் கொடுக்கும் ஒவ்வொரு சான்றுக்கும் உள்ள தனி அடையாள எண் அது. ஓடிப்போய் ஏற்றிய ஃபைலைத் திறந்து பார்த்தேன். மூன்று பக்கச் சான்று. முதல் இரண்டு பக்கத்திலும் எண் தெளிவாக இருந்தது. மூன்றாம் பக்கத்தில் ஸ்கேனர் அடிவிளிம்பை வெட்டிவிட்டிருந்தது. அந்த எண்ணை ஆடிட்டர்கள் சங்கத்தின் இணையதளத்தில் யார் வேண்டுமானாலும் அடித்துச் சரிபார்க்கலாம், இரண்டு நிமிட வேலை.

ஐந்தாம் நாள் மேல்முறையீடு சென்னைக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. அதில் வக்கீல் சொல்லி நான் செய்த ஒரு விஷயம் முக்கியம் என்று நினைக்கிறேன். மூன்றாம் பக்கத்தில் எண் வெட்டுப்பட்டிருப்பதை நாங்களே முதல் பத்தியில் எழுதிவிட்டோம். அப்பாவுக்கு அது பிடிக்கவில்லை. "நம்ம தப்ப நம்மளே எதுக்குச் சொல்லணும்?" என்றார். வக்கீல், "அவங்க சொல்றதுக்கு முன்னாடி நாம சொல்லிட்டா அது தகவல் சார், அவங்க சொன்னா நாம மறைச்சதா ஆயிடும்" என்றார். ரிட் மனுவில் எதையாவது மறைத்தது தெரிந்தால், எவ்வளவு நியாயம் இருந்தாலும் அந்த இடத்திலேயே தூக்கிப் போட்டுவிடுவார்கள்.

மேல்முறையீட்டோடு ரிட் மனுவும் போட்டோம், ஆனால் அதில் கேட்டது குறைவு. டெண்டரை ரத்து செய்யுங்கள் என்று கேட்கவில்லை, எங்களுக்கே வேலையைக் கொடுங்கள் என்றும் கேட்கவில்லை. எங்கள் மேல்முறையீட்டை இரண்டு தரப்பையும் விசாரித்துக் குறிப்பிட்ட காலத்துக்குள் முடிக்கச் சொல்லுங்கள், அதுவரை ஒர்க் ஆர்டர் கொடுக்க வேண்டாம் என்று மட்டும் கேட்டோம். தேறியவர்கள் அத்தனை பேரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தோம். சேர்க்காவிட்டால், பாதிக்கப்படுபவரைக் கேட்காமல் எப்படி உத்தரவு போடுவது என்று அந்த ஒரு குறையிலேயே வழக்கு விழுந்துவிடும். தெரு இன்னும் தோண்டப்படவில்லை, ஒர்க் ஆர்டர் இல்லை, நாங்கள் வந்தது ஒரு வாரத்துக்குள். கேட்டது கிடைத்தது.

சென்னையில் விசாரணைக்கு நானும் அப்பாவும் இரவு பஸ்ஸில் போனோம். அங்கே நகராட்சித் தரப்பில் திடீரென்று ஒரு புதுக் காரணம் சொன்னார்கள். எங்களிடம் போதுமான இயந்திரம் இல்லையாம். கொடுத்த கடிதத்தில் அது ஒரு வரிகூட இல்லை. பழைய நானாக இருந்தால் அங்கேயே மிக்ஸர் மெஷின் ஆர்.சி. புக்கை எல்லாம் எடுத்துப் பரப்பியிருப்பேன். வக்கீல் என் கையைப் பிடித்து நிறுத்தினார். மொஹிந்தர் சிங் கில் வழக்கு, 1977. உத்தரவில் என்ன காரணம் எழுதியிருக்கிறதோ அதை வைத்துத்தான் அந்த உத்தரவு நிற்கும் அல்லது விழும். பிறகு வந்து புதிது புதிதாகக் காரணம் சேர்க்க முடியாது. அதை எழுதிக்கொடுத்துவிட்டு, அஃபிடவிட் இல்லை என்று பதிவான நடவடிக்கைக் குறிப்பையும் தபால் முத்திரை பதிந்த எங்கள் கடிதத்தையும் மேலே வைத்தார். அந்த அஃபிடவிட்டைப் பிறகு தபாலில் வாங்கிச் சேர்த்துக்கொண்டதாக நகராட்சியே ஒப்புக்கொண்டது. எங்களுக்கு அப்படி ஒரு கடிதம் ஏன் வரவில்லை என்ற கேள்விக்கு அங்கே பதில் இல்லை.

நிராகரிப்பை ரத்து செய்து, எங்கள் விலைக் கவரையும் திறந்து பரிசீலிக்கும்படி உத்தரவு வந்தது.

இந்த இடத்தில் பணக் கணக்கையும் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் நான் பாதிதான் சொன்னவள் ஆவேன். வழக்கு முடியும்வரை இஎம்டி திரும்பாது. வக்கீல் ஃபீஸ், சென்னைப் பயணம், நான்கு மாத அலைச்சல். நடுவில் டெண்டரின் செல்லுபடிக் காலத்தை நீட்டிக்கச் சம்மதமா என்று ஒரு கடிதம் வந்தது. அதற்குச் சம்மதம் எழுதி அனுப்பாவிட்டால், வழக்கில் ஜெயித்தாலும் திறக்க ஒரு டெண்டரே இருக்காது. அப்படிக் கடைசியில் கோட்டை விட்ட ஒரு ஒப்பந்ததாரர் அண்ணனை எனக்குத் தெரியும். இதையெல்லாம்விடப் பெரிய பயம், அதே ஊரில் நமக்கு வர வேண்டிய பழைய பில் ஏதாவது நிற்கிறதா என்பது. நின்றால் வழக்குப் போட மனசு வராது, அதுதான் உண்மை நிலவரம். எங்களுக்கு அங்கே பாக்கி எதுவும் இல்லை. அந்தத் துணிச்சலில்தான் போனோம். யாரையும் இந்த விஷயத்தில் கோழை என்று சொல்ல எனக்கு வாய் வராது.

இப்போது யாராவது ஃபோன் செய்து "அக்கா, எங்களைத் தள்ளிட்டாங்க, கேஸ் போடலாமா?" என்று கேட்டால், நான் முதலில் கேட்பது டெண்டர் ஆவணத்தைத்தான். பல நேரம் வழக்குப் போட வேண்டிய நாள் அதற்கு முன்பே போயிருக்கும். நிபந்தனையே ஒருவருக்காகத் தைத்த சட்டை மாதிரி இருந்தால், உதாரணமாகத் தார்ச்சாலை வேலைக்கு இத்தனை கிலோமீட்டருக்குள் ஹாட் மிக்ஸ் பிளான்ட் (தார்க் கலவை தயாரிக்கும் ஆலை) இருக்க வேண்டும், பிளான்ட் வைத்திருப்பவரிடம் சம்மதக் கடிதம் வாங்க வேண்டும், அந்தச் சுற்று வட்டாரத்தில் இருப்பதோ ஒரே பிளான்ட் என்றால், அதை டெண்டர் போடுவதற்கு முன்பே எதிர்க்க வேண்டும். டெண்டர் போடுவதற்கு முன் சந்தேகம் கேட்க வைக்கும் பிரீ-பிட் கூட்டத்தில் எழுத்துமூலம் கேட்க வேண்டும், பதில் இல்லையென்றால் கடைசித் தேதிக்கு முன்பே கோர்ட்டுக்குப் போக வேண்டும். நிபந்தனையை ஏற்று டெண்டரும் போட்டுவிட்டு, தோற்ற பிறகு நிபந்தனை தப்பு என்று சொன்னால் எந்த நீதிமன்றமும் காது கொடுக்காது.

நாள் கணக்கையும் பாருங்கள். இரண்டு கோடி வரையுள்ள டெண்டருக்கு நோட்டீஸுக்கும் கடைசித் தேதிக்கும் நடுவே குறைந்தது பதினைந்து நாள், அதற்கு மேற்பட்டதற்கு முப்பது நாள் என்று விதிகள் சொல்கின்றன. குறைக்கலாம், ஆனால் டெண்டர் கோரும் அதிகாரிக்கு மேல் உள்ளவர் காரணத்தை எழுதிவைத்து அனுமதித்திருக்க வேண்டும். ஒரு தடவை நான் எண்ணிப் பார்த்தபோது பதினொரு நாள்தான் இருந்தது. காரணம் பதிந்த அனுமதியின் நகலைக் கேட்டு ஒரு கடிதம் மட்டும் போட்டேன். இரண்டு நாளில் தேதியை நீட்டித்துத் திருத்த அறிவிப்பு வந்தது. வழக்கே தேவைப்படவில்லை.

வழக்குப் போடக் கூடாத இடமும் உண்டு. ஒப்பந்ததாரர்கள் கூடிப் பேசி, இந்த வேலை உனக்கு, அடுத்தது எனக்கு என்று பிரித்துக்கொண்டு, அந்தப் பேச்சு முறிந்ததால் கோர்ட்டுக்குப் போகிறவர்கள் இருக்கிறார்கள். ரிங் என்று எங்கள் வட்டாரத்தில் சொல்வார்கள். போட்டிச் சட்டத்தின்படி அதுவே தடை செய்யப்பட்டது. அந்தச் சண்டைக்கு நான் தேதிகூடச் சொல்லித்தர மாட்டேன். அதேபோல், விலைக் கவர் திறந்து நம்மைவிடக் குறைவாக ஒருவர் ஒழுங்காகப் போட்டிருந்தால், அவர் எப்படி அந்த விலைக்குச் செய்வார் என்று கேட்டு வழக்குப் போடுவது நேர விரயம். குறைந்த விலைக்காரர் சட்டப்படி முன்னால் நிற்பவர்.

வார்டு மக்கள் சிலரும் கேட்கிறார்கள், நாங்கள் மேல்முறையீடு செய்யலாமா என்று. 11-ஆவது பிரிவின் மேல்முறையீடு டெண்டர் போட்டவருக்கு மட்டும்தான். உங்களுக்குத் தகவல் உரிமைச் சட்டம் இருக்கிறது, எஸ்டிமேட்டையும் ஒப்பு அட்டவணையையும் செய்த வேலையை அளந்து பதிகிற எம்.புக்கையும் கேட்டு வாங்குங்கள். யார் எடுத்தார் என்பதைவிட எப்படிப் போட்டார் என்பதைக் கேட்க உங்களுக்குத்தான் உரிமை அதிகம். உங்கள் வீட்டு வாசல் அது.

எங்கள் கதையின் மீதி இதுதான். குறித்த நாளில் விலைக் கவர்களைத் திறந்தார்கள். இந்தத் தடவை அப்பாவும் வந்திருந்தார், இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில். நான்கு விலைகளையும் வாசித்தார்கள். அஃபிடவிட் இல்லாமல் தேறியவர் கடைசி. நாங்கள் எஸ்டிமேட்டுக்கு நான்கு சதவீதம் லெஸ், அதாவது அவ்வளவு குறைத்து, போட்டிருந்தோம். இன்னொருவர், எங்களோடு எந்த வழக்கிலும் வாய் திறக்காதவர், ஐந்தேகால் போட்டிருந்தார். வேலை அவருக்குப் போனது. அதில் குறை சொல்ல ஒன்றுமே இல்லை. அப்பா குறிப்பில் கையெழுத்துப் போட்டார். வெளியே டீக்கடையில் நெடுநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "இது பரவால்ல பாப்பா. இது வெலையில தோத்தது" என்றார்.

போன மாதம் அந்த ஊர் வழியாகப் போனோம். சாலை போட்டு முடித்திருந்தார்கள். அப்பா வண்டியை ஓரம் கட்டச் சொல்லி இறங்கினார். கொஞ்ச தூரம் நடந்து, குந்தி உட்கார்ந்து, ஜாயின்ட் வெட்டியிருந்த கோட்டில் விரலை ஓட்டிப் பார்த்தார். ஓரத்தில் கான்கிரீட் பெயர்கிறதா என்று செருப்பு நுனியால் தட்டினார். திரும்பி வந்து கதவைச் சாத்திக்கொண்டு, "நல்லாத்தான் போட்டிருக்கான்" என்றார்.